டிரெஷர் ஓய்ந்துபோனதற்கு இரண்டாம் பாகம் எடுக்காததுதான் காரணமா?

ஏழாம்பொத்தான்:
நேற்று ராத்திரி டிரெஷரின் இகாருகா என்ற சுடும் ஆட்டத்தில் நாலாவது தடவையாக மூன்றாம் கட்டத்தில் செத்துவிட்டுப் படுத்தேன். தூக்கம் வரவில்லை, அதனால் இந்த வம்பு. டிரெஷர் என்கிற ஜப்பானிய வீடியோ கேம் கம்பெனியை எல்லோரும் தலையில் தூக்கி வைத்து ஆடுகிறோம். 1992இல் மசாடோ மயேகாவாவும் சில சகாக்களும் கொனாமி என்ற பெரிய ஆட்டக் கம்பெனியை விட்டு வந்து தொடங்கிய சின்னக் கம்பெனி. ஏன் வந்தார்கள்? கொனாமி ஓடுகிற குதிரை மேலேயே பணம் கட்டிக்கொண்டிருந்தது, பாகம் இரண்டு, பாகம் மூன்று என்று. இவர்களுக்குப் புதிதாகச் செய்ய ஆசை. சரி, 1993இல் கன்ஸ்டார் ஹீரோஸ் கொடுத்தார்கள். சேகா கம்பெனியின் மெகா டிரைவ் மெஷினில் அப்படி ஓர் ஆட்டமா என்று வாய் பிளந்தோம். ஆனால் முடிவு என்ன? 2014இல் கைஸ்ட் க்ரஷர் காட். அதற்குப் பிறகு புதிய ஆட்டமே இல்லை, பழசைப் புது மெஷினில் ஏற்றி விற்பதோடு சரி. கன்ஸ்டார் சூட்டோடு சூடாக இரண்டாம் பாகம் போட்டிருந்தால் இந்தக் கதி வந்திருக்காது என்பது என் கட்சி.

சாட்டர்ன்சாமி:
முதல் படியிலேயே தடுக்கி விழுகிறீர்களே. அவர்கள் இரண்டாம் பாகம் எடுக்கவில்லை என்று யார் சொன்னது? 2005இல் கன்ஸ்டார் சூப்பர் ஹீரோஸ், 2008இல் பாங்காய்-ஓ ஸ்பிரிட்ஸ், 2009இல் சின் அண்ட் பனிஷ்மென்ட் இரண்டாவது. எல்லாவற்றுக்கும் மேலே 2004இல் கிரேடியஸ் 5. யாருக்காக? கொனாமிக்காக! எந்த வீட்டிலிருந்து கோபித்துக்கொண்டு கிளம்பினார்களோ, அதே வீட்டுக் கல்யாணத்துக்குச் சமையல் செய்யப் போனார்கள். சமையல் பிரமாதம், அது வேறு விஷயம்.

ஏழாம்பொத்தான்:
ஒப்புக்கொள்கிறேன். ஆனால் 1993க்கும் 2005க்கும் நடுவே பன்னிரண்டு வருஷம். முதல் ஆட்டத்தில் மயங்கிய பையனுக்கு அதற்குள் கல்யாணமே ஆகியிருக்கும்.

கைப்பிடி:
ரெண்டு பேரும் காசைப் பற்றிப் பேசாமல் கொள்கையைப் பற்றியே பேசுகிறீர்கள். கன்ஸ்டாருக்குச் சேகா எடுத்த எடுப்பில் தலையாட்டவில்லை. மெக்டொனால்ட்ஸ் கோமாளியை வைத்து ஓர் ஆட்டம் செய்யும் வேலைதான் முதலில் கைக்கு வந்தது. கடைசி வரை அப்படித்தான். யூ யூ ஹகுஷோ, ஆஸ்ட்ரோ பாய், ப்ளீச், வாரியோ என்று இவர்கள் ஆட்டமாக்கிய கதைகளும் பாத்திரங்களும் எல்லாம் அடுத்தவர் பிள்ளைகள். ஊர்ப் பிள்ளையை வளர்த்த கூலியில்தான் தன் பிள்ளைக்குச் சோறு.

தன் பிள்ளைகளை எங்கே இறக்கினார்கள் என்று பாருங்கள். ரேடியன்ட் சில்வர்கன் 1998இல் சேகாவின் சாட்டர்னுக்கு வந்தபோது அந்த மெஷின் அமெரிக்காவில் கடைசி மூச்சை விட்டுக்கொண்டிருந்தது. அதனால் அப்போது ஜப்பானைத் தாண்டவே இல்லை. சின் அண்ட் பனிஷ்மென்ட் 2000 நவம்பரில் நிண்டெண்டோ 64க்கு. பாத்திரங்கள் பேசுவதெல்லாம் ஆங்கிலம், அப்போது விற்றதோ ஜப்பானில் மட்டும்! இகாருகா டிரீம்காஸ்ட்டுக்கு வந்தது 2002இல். அதற்கு முந்தைய வருஷமே சேகா அந்த மெஷினை நிறுத்திவிட்டது. சாகக் கிடக்கிற மெஷினாகப் பார்த்துப் பால் ஊற்றுவதில் இவர்களை மிஞ்ச ஆள் இல்லை. இரண்டாம் பாகம் எடுத்திருந்தாலும் கடை மூடுகிற நேரத்துக்குத்தான் கொண்டு வந்திருப்பார்கள்.

நிலாத்துண்டு:
நான் இதற்கெல்லாம் பிறகு வந்தவள், கணினியில் வாங்கி ஆடியவள். கைப்பிடி அண்ணா சொல்வது வியாபாரக் கணக்கு, சரிதான். ஆனால் ஏழாம்பொத்தான் அண்ணா கேட்கிற இரண்டாம் பாகத்தை இவர்களால் எடுக்கவே முடியாது. பாங்காய்-ஓ ஸ்பிரிட்ஸை எடுத்துக்கொள்ளுங்கள். பெயருக்குத்தான் தொடர்ச்சி. உள்ளே நாமே லெவல் கட்டலாம். கட்டியதை நண்பருக்கு எப்படி அனுப்புவது தெரியுமா? ஒலியாக! நிண்டெண்டோவின் டிஎஸ் கைமெஷின் கர்ரென்று இரைகிறது, அந்த இரைச்சலைப் பதிவு செய்து இன்னொரு டிஎஸ்ஸின் மைக்கில் கேட்க விட்டால் லெவல் அங்கே போய்ச் சேர்ந்துவிடும். 2008இல் யாருக்கு இப்படி ஒரு யோசனை வரும்? பழைய ஆட்டத்துக்கு நாலு புது லெவல் சேர்த்து அனுப்பு என்று இவர்களிடம் சொன்னால் நடக்குமா?

ஏழாம்பொத்தான்:
தங்கச்சி, நீ எனக்குச் சாதகமாகத்தான் பேசுகிறாய். ஒவ்வொரு ஆட்டத்திலும் முதலிலிருந்து பாடம் படிக்க வைத்தால் கூட்டம் எப்படிச் சேரும்? சில்வர்கன்னில் ஆரம்பத்திலேயே ஏழு ஆயுதத்தையும் கையில் கொடுத்துவிட்டு, எதிரியை நிறம் பார்த்து அடி என்கிறார்கள். சும்மா அடித்தால் மதிப்பெண் ஏறாது, ஏறாவிட்டால் ஆயுதம் வளராது, வளராவிட்டால் பின்னால் வரும் பாஸிடம், அதாவது கட்டத்தின் பெரிய எதிரியிடம், மணிக்கணக்கில் மல்லுக்கட்ட வேண்டும். வேலையிலிருந்து களைத்து வருகிறவன் இதையா ஆடுவான்?

சாட்டர்ன்சாமி:
அதே ஆட்களின் இகாருகாவில் அந்தச் சிக்கல் எல்லாம் போய்விட்டதே. ஹிரோஷி இயுச்சிதான் இரண்டுக்கும் இயக்குநர். ஏழு ஆயுதம் ஒன்றாகிவிட்டது, உன் விமானத்துக்கு நிறம் இரண்டு, மாற்றிக்கொள்ளலாம். வெள்ளையாக இருந்தால் வெள்ளைக் குண்டு உன்னை ஒன்றும் செய்யாது, உள்ளே இழுத்துக்கொள்ளலாம். கறுப்பு பட்டால் காலி. ஆனால் எதிர் நிறத்தால் அடித்தால்தான் அடி இரட்டிப்பு. இவ்வளவுதான் விதி. என் அக்கா மகனுக்கு ஒன்பது வயது, ரெண்டு நிமிஷத்தில் புரிந்துகொண்டான். ரெண்டு நிமிஷத்தில் செத்தும் போனான், அது அவன் பாடு. சில்வர்கன்னின் உண்மையான வாரிசு இகாருகாதான். பெயரில் ‘2’ போடவில்லை, அவ்வளவே.

கைப்பிடி:
அந்த ‘2’ போடாததில்தானே விற்பனை போச்சு.

சாட்டர்ன்சாமி:
விற்பனை போச்சு, சரி. 2001இல் காசு போட்டு ஆடும் ஆர்கேடுக்கு வந்ததை 2014இல் கணினிக்கான ஸ்டீம் கடையிலும் 2018இல் நிண்டெண்டோ ஸ்விட்சிலும் காசு கொடுத்து வாங்கியது யார்? ஏழாம்பொத்தான், நேற்று ராத்திரி தூங்காமல் எதை ஆடிக்கொண்டிருந்தீர்கள்?

ஏழாம்பொத்தான்:
அதைச் சொல்லி என் வாயை அடைக்காதீர்கள். ஆடுவது நான், கம்பெனிக்கு அதனால் ஒரு புது ஆட்டம் வந்ததா? பழங்கணக்கு வட்டியில் காலம் தள்ளுகிறார்கள் என்பதில் நான் மாறவில்லை. அது இருக்கட்டும், அந்த மூன்றாம் கட்டத்தைத் தாண்ட யாராவது வழி சொல்லுங்கள்.

நிலாத்துண்டு:
சுடாதீங்க அண்ணா.

ஏழாம்பொத்தான்:
எதை?

நிலாத்துண்டு:
எதையுமே. நிறத்தை மட்டும் மாற்றிக்கொண்டு குண்டைத் தின்றபடியே போய்ப் பாருங்கள். பாஸ் கூட நேரம் முடிந்தால் தானே கிளம்பிவிடும். ஒரு கட்டத்தை ஒரு தோட்டாக்கூடச் சுடாமல் முடித்தால் ‘டாட் ஈட்டர்’ என்று தனிப் பட்டமே கொடுக்கிறார்கள்.

சாட்டர்ன்சாமி:
சுடுகிற ஆட்டத்தில் சுடாதவனுக்குப் பட்டம். இவர்களிடம் போய் இரண்டாம் பாகம் கேட்கிறீர்கள்.

ஏழாம்பொத்தான்:
முயன்றேன். பாதி வழி வரை போனேன், விரல் தானாக அழுத்திவிட்டது.