செம்பனை தோட்டத்துல பெரிய மலைப்பாம்பு – ஆளுக்கு உண்மையிலேயே ஆபத்தா?

குளுவாங்_குமரன்:

எல்லாருக்கும் வணக்கம். நாங்க மலேசியாவுல ஜொகூர் மாநிலம் குளுவாங் பக்கம் செம்பனை (எண்ணெய் பனை) தோட்டத்து ஓரத்துல குடியிருக்கோம், வீட்டுக்கு பின்னாடி ஒரு பெரிய கால்வாய், அதை தாண்டினா தோட்டம் தான். கொஞ்ச நாளா கோழி ஒவ்வொண்ணா காணாம போகுது, உடும்பு வேலைன்னு நெனச்சோம். போன வாரம் ராத்திரி மச்சான் டார்ச் அடிச்சப்ப கால்வாயை கடந்து ஒரு மலைப்பாம்பு போகுது, தலை இந்த பக்கம் புல்லுக்குள்ள போயிருச்சு, வாலு இன்னும் அந்த கரையில இருக்கு. அஞ்சு மீட்டருக்கு குறையாது, நடு உடம்பு என் தொடை மொத்தம்.

இந்தோனேசியாவுல ஆளை முழுங்கிருச்சுன்னு வாட்ஸ்அப்ல வருதே, அது உண்மையா இல்ல எடிட்டிங்கா? எனக்கு நாலு வயசு பொண்ணு இருக்கு, அப்பா விடியறதுக்கு முன்னாடியே தனியா குலை வெட்ட போறாரு. இதுல மச்சான் வேற ஒரு கோணியும் கம்பும் இருந்தா நானே பிடிச்சுருவேன், டிக்டாக்ல போடலாம்னு நிக்கிறான். பக்கத்து வீட்டு ஆண்டி என்னடான்னா, சுத்துனா மூச்சை இழுத்து பிடிச்சுகிட்டு அசையாம கிடந்தா அதுவா விட்டுரும்னு சொல்றாங்க. யாராவது விவரம் தெரிஞ்சவங்க சொல்லுங்க ப்ளீஸ்.

பால்மரத்து_பேரன்:

தம்பி, சேகாமட் உங்களுக்கு பக்கம் தானே, வீட்டுல பெரியவங்கள கேட்டு பாருங்க, 1995ல நடந்தது ஞாபகம் இருக்கும். பால் மரம் வெட்டுற 29 வயசு ஆளு, ரப்பர் தோட்டத்துலயே பாம்பு சுத்தி இறந்துட்டாரு, ஆளுங்க பாக்கறப்ப பாம்பு அவரு தலையை வாயில வச்சுகிட்டு கிடந்துச்சு, போலீஸ் வந்து சுட்டாங்க. தலைக்கு மேல அதால முழுங்க முடியல. அதனால ரொம்ப காலமா, கொல்லும் ஆனா முழுங்காது, மனுஷனுக்கு தோள்பட்டை அகலம்னு தான் பேசிகிட்டு இருந்தோம்.

2017ல அந்த பேச்சு முடிஞ்சுது. இந்தோனேசியாவுல மேற்கு சுலாவெசியில 25 வயசு பையன் தனியா செம்பனை வெட்ட போனவன் திரும்பி வரல, மறுநாள் தேடினா ஏழு மீட்டர் பாம்பு ஒண்ணு வயிறு வீங்கி நகர முடியாம கிடக்குது, பூட்ஸ் போட்ட கால் அச்சு வெளிய தெரியுது. அடுத்த வருஷம் மூனா தீவுல 54 வயசு அம்மா, காட்டுப்பன்னி சோளத்தை அழிக்குதான்னு ராத்திரி தோட்டத்துக்கு பாக்க போனாங்க, காலையில செருப்பு, டார்ச், பாராங் கத்தி மட்டும் கிடந்துச்சு, கொஞ்ச தூரத்துல பாம்பு. 2022ல சுமத்ராவுல ஜாம்பி பக்கம் பால் வெட்ட போன ஒரு அம்மா. 2024ல தெற்கு சுலாவெசியில நாலு பிள்ளைங்களுக்கு தாய். அந்த 2024 பாம்பு அஞ்சு மீட்டர் தான், நல்லா கவனிங்க, உங்க கால்வாய்ல போன சைஸ்.

வாட்ஸ்அப் வீடியோ எல்லாத்துக்கும் நான் கேரண்டி கிடையாது, பாதி குப்பை. இந்த கேஸ் எல்லாம் நெஜம். எல்லாத்துலயும் ஆளு தனியா இருந்துருக்காங்க, அதை உங்க அப்பாகிட்ட சொல்லுங்க.

மணப்பாறை_மாடசாமி:

அய்யா சும்மா பீதிய கெளப்பாதீங்க. எங்க ஊர்ல மலைப்பாம்பு வயக்காட்டுக்கு வரும், ஃபாரஸ்ட்காரங்க வந்து பிடிச்சுட்டு போவாங்க, மூணு மீட்டர் தாண்டினா பேப்பர்ல போட்டோ போட்டுருவான். ஆட்டுக்குட்டிய பிடிக்கும், முயல பிடிக்கும், மனுஷன கண்டா ஒதுங்கத்தான் பாக்கும். 2000ல இருந்து 2019 வரைக்கும் எடுத்த கணக்குல இந்தியாவுல பாம்பு கடிச்சு வருஷத்துக்கு சராசரி 58,000 பேர் சாவறாங்க, அதுல பெரும்பங்கு நல்லபாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை இந்த நாலும் தான். விஷமே இல்லாத மலைப்பாம்புக்கு இவ்வளவு பில்டப்பா?

அமெரிக்காவுல ஃபுளோரிடா எவர்கிளேட்ஸ் சதுப்புல பர்மா மலைப்பாம்பு பெருகி முயலு, ரக்கூனு எல்லாத்தையும் தின்னு தீத்துருச்சு, அங்கயே காட்டுல திரியற பாம்பு ஒரு ஆளையும் கொன்னதில்ல. 2017ல நம்ம செங்கல்பட்டு பக்கத்து இருளர் ரெண்டு பேர், வடிவேல் கோபாலும் மாசி சடையனும், அங்க போய் ரெண்டு வாரத்துக்குள்ள 13 பாம்பு பிடிச்சு குடுத்தாங்க, அதுல ஒண்ணு 16 அடி. அங்க பெரிய பெரிய படிப்பு படிச்சவங்களே வாய பொளந்துட்டாங்க. 2023ல ரெண்டு பேருக்கும் பத்மஸ்ரீ. அவங்க தடம் பாத்து, எச்சம் பாத்து, புல்லு மடங்குனத பாத்தே உள்ள படுத்துருக்கறத சொல்லுவாங்க. உயிரோட தானே பிடிச்சாங்க, என்ன ஆச்சு?

ஊர்வன_பைத்தியம்:

மாடசாமி அண்ணே, நீங்க சொல்றது இந்திய மலைப்பாம்புக்கு சரி, பர்மா பாம்புக்கும் காட்டுல ஓரளவு சரி. குமரன் வீட்டு பின்னாடி இருக்கறது ரெட்டிகுலேட்டட் மலைப்பாம்பு, மலாய்ல சாவா பாத்திக்னு சொல்றது, உலகத்துலயே நீளமான பாம்பு, இந்தியாவுல நிக்கோபார் தீவு பக்கம் போனா தான் பாக்கலாம். ரெண்டையும் ஒரே தராசுல வைக்காதீங்க. அப்புறம் இருளர் பிடிக்கறாங்கன்னா அது பரம்பரையா வந்த தொழில், அதை காட்டி குமரன் மச்சானை உசுப்பேத்தி விடாதீங்க.

இந்த பாம்பு மனுஷனுக்கு எவ்வளவு ஆபத்துன்னு தெரியணும்னா பிலிப்பைன்ஸ் லூசோன் தீவுல காட்டுல வாழ்ந்த ஆக்தா மக்கள் கணக்கை பாக்கணும். தாமஸ் ஹெட்லேண்ட்னு ஒரு மானிடவியல்காரர் அவங்க கூடவே பல வருஷம் இருந்து 1976ல விசாரிச்சு வச்சத, ஹாரி கிரீன்கற பாம்பு நிபுணரோட சேந்து 2011ல வெளியிட்டாரு. 58 ஆம்பளைங்கள்ல 15 பேரை மலைப்பாம்பு ஒரு தடவையாவது தாக்கிருக்கு, கிட்டத்தட்ட நாலுல ஒருத்தர், பொம்பளைங்க 62 பேர்ல ஒருத்தர் தான், ஏன்னா காட்டுக்குள்ள வேட்டைக்கு போறது ஆம்பளைங்க. முக்காவாசி பேர் கையில இருந்த கத்தியால வெட்டிட்டு தழும்போட தப்பிச்சுட்டாங்க. 1934ல இருந்து 1973 வரைக்கும் ஆறு பேர் செத்துருக்காங்க. ஆனா அவங்க ரொம்ப சின்ன உடம்புக்காரங்க, ஆம்பளையே சராசரி 44 கிலோ தான், அதையும் கணக்குல வைங்க.

குமரன், உங்களுக்கு பொண்ணு இருக்குங்கறதால இதையும் சொல்றேன். 1973ல பொழுது சாயற நேரத்துல ஒரு பாம்பு ஆக்தா குடிசைக்குள்ளயே வந்து மூணு பிள்ளைங்கள்ல ரெண்டு பேரை கொன்னுருச்சு, அப்பா திரும்பி வந்தப்ப ஒண்ண முழுங்கிகிட்டு இருந்துச்சு, அங்கயே வெட்டினாரு. கைக்குழந்தை மட்டும் பொழச்சுது. பெரிய ஆளுக்கு இருக்கற ஆபத்தும் குழந்தைக்கு இருக்கறதும் ஒண்ணு இல்ல. 2009ல ஃபுளோரிடாவுல ரெண்டு வயசு பிள்ளைய கொன்னது காட்டு பாம்பு இல்ல, வீட்டுல வளத்த பர்மா பாம்பு, ராத்திரி கூண்டுல இருந்து வெளிய வந்துருச்சு. 2013ல கனடாவுல தூங்கிகிட்டு இருந்த ரெண்டு சின்ன பசங்களும் அதே மாதிரி, அது கூண்டுல இருந்து தப்பிச்ச ஆப்பிரிக்க மலைப்பாம்பு, காத்து போற குழாய் வழியா ரூமுக்குள்ள வந்துது.

அந்த ஆண்டி சொல்ற மூச்சு விஷயத்துக்கு வருவோம். மூச்சு முட்டி தான் சாவறாங்கன்னு தான் ரொம்ப நாள் எல்லாரும் நெனச்சாங்க. 2015ல போவா பாம்பை (அதுவும் இரையை சுத்தி இறுக்கி கொல்றது தான்) எலி மேல விட்டு அளந்து பாத்தாங்க, சுத்தின சில வினாடியிலயே எலியோட ரத்த அழுத்தம் பாதியா எறங்கிருச்சு. அப்படின்னா இதயத்துல இருந்து ரத்தமே ஒழுங்கா போகல, மூளைக்கு ரத்தம் நின்னா உடனே மயக்கம், நீங்க மூச்சை பிடிச்சா என்ன விட்டா என்ன. இன்னொரு விஷயம், இரையோட இதயத்துடிப்பை அது உடம்பால உணருது, துடிப்பு இருக்கற வரைக்கும் பிடி தளராது. அதனால செத்த மாதிரி நடிக்கறது எல்லாம் வேலைக்காகாது.

சுத்திருச்சுன்னா கூட இருக்கற ஆளு வாலை தேடி பிடிச்சு வால் நுனியில இருந்து சுத்தை பிரிக்கணும், அங்க தான் பலம் கம்மி. நடுவுல பிடிச்சு இழுத்தா இன்னும் இறுக்கும். தலையை பிடிச்சு வெடுக்குன்னு இழுக்கக் கூடாது, பல்லு எல்லாம் உள் பக்கமா வளைஞ்சுருக்கும், சதை கிழிஞ்சு வரும். இதெல்லாம் இன்னொரு ஆளு இருந்தா தான் முடியும். மச்சானுக்கு நான் சொல்றது அவ்வளவு தான், அஞ்சு மீட்டர் பாம்பை ஒத்த ஆளா தொடாதே. கோணிக்குள்ள தலையை விட்டதும் உடம்பு கையை சுத்தும், அந்த நேரம் அடுத்த கையில போன் வச்சுகிட்டு இருப்ப.

(பாம்பு பக்கத்துல நீட்டிப் படுத்து ஆளோட உயரத்தை அளந்து பாக்கும்னு ஒரு கதை சுத்துதே, அது சுத்தப் பொய். அது பதுங்கி கிடந்து அடிக்கற ஜந்து, அளவெடுக்க அது என்ன டைலரா.)

மணப்பாறை_மாடசாமி:

சரிப்பா, அந்த ஜாதி வேறன்னு ஒத்துக்கறேன். ஆனா அடிச்சு கொல்லாதீங்க, எலி தொல்லைக்கு அது இருக்கறது தோட்டத்துக்கு நல்லது தான்.

பால்மரத்து_பேரன்:

கொல்லவும் முடியாது அண்ணே, இங்க சட்டத்துல பாதுகாக்கப்பட்டது. செம்பனை இருக்கற எடத்துல எலி இருக்கும், எலி இருக்கற எடத்துல சாவா இருக்கும், இதை பிடிச்சா நாளைக்கு இன்னொண்ணு வரும். குமரன், 999க்கு அடிச்சா பொம்பாவோ (தீயணைப்பு) அங்காத்தான் (பொது தற்காப்பு படை) ஆளுங்களோ வருவாங்க, பிடிக்க அவங்களுக்கு சாமான் இருக்கு.

குளுவாங்_குமரன்:

ரொம்ப நன்றி எல்லாருக்கும். நேத்து அங்காத்தான்ல இருந்து வந்தாங்க, பாம்பு மாட்டல. கால்வாய் ஓரத்துல அடுக்கி வச்சுருந்த காஞ்ச மட்டை குவியலை பூரா அள்ள சொல்லிட்டாங்க, அடியில பாம்பு உரிச்ச பழைய சட்டை ஒண்ணு கிடைச்சுது, அவங்க அளந்துட்டு நாலரை மீட்டர்னாங்க, ஆனா சட்டை உரியறப்ப இழுபட்டு நீண்டுருக்கும், பாம்பு கொஞ்சம் சின்னதா இருக்கும்னு சொன்னாங்க. அப்பா இப்ப பக்கத்து லயத்து (தோட்டத்து வரிசை வீடு) அங்கிளோட சேந்து தான் போறாரு, வெளிச்சம் வந்த பிறகு. மச்சான் இன்னும் முறைச்சுகிட்டு இருக்கான். கோழி கூண்டுக்கு என்ன வலை போடலாம்?

ஊர்வன_பைத்தியம்:

பச்சை கலர்ல பிளாஸ்டிக் வலை விக்கறாங்களே, அது வேண்டாம், பாம்பு அதுல மாட்டி சாகும் இல்லன்னா கிழிச்சுட்டு போயிரும். வெல்டிங் பண்ண கம்பி வலை, அரை இன்ச் கண்ணு, மேல கூரை வரைக்கும் போடுங்க. கதவுக்கு கீழ இடுக்கு விடாதீங்க, குட்டி பாம்பு அதுல தான் நுழையும், ஒரு கோழிய முழுங்கிட்டு வெளிய வர முடியாம காலையில உள்ளயே படுத்துருக்கும். அப்படி பாத்தா கைய விடாம கதவை சாத்திட்டு போன் பண்ணுங்க. பாப்பாவை இருட்டின பிறகு பின்பக்கம் தனியா விடாதீங்க, கால்வாய் பக்கம் ஒரு லைட் போடுங்க.