வெளிநாட்டில் மாட்டுப்பட்டவர்களின் செய்தி: மட்டக்களப்பு, அம்பாறை நிருபர்களின் அனுபவப் பகிர்வு

வாழைச்சேனை நிருபர்:

“மகள் குவைத்தில மாட்டுப்பட்டுட்டா” என்று தாய் சொல்லும்போது கமராவைத் தூக்காதீங்க. அலுமாரிக்கு மேலே இருக்கும் சொப்பிங் பேக்கை எடுத்துவரச் சொல்லுங்க. மடிப்பில் கிழிந்த வீசாப் பிரதி, ஸ்டூடியோப் படம், காசு வந்த துண்டு எல்லாம் அதுக்குள்ளதான் கிடக்கும். பாயில் விரித்து, திகதி ஒழுங்கில் அடுக்கிப் படமெடுங்க.

வீசா அரபில் இருக்கும். வாசிக்கத் தெரிந்த மௌலவியிடம் காட்டி, வீசா வகை, தொழில், கபீலின் (வீசா எடுத்து வேலை கொடுத்தவரின்) பெயர் மூன்றையும் எழுதிக்கொள்ளுங்க. குவைத்தில் வீட்டு வேலைக்கு 20ஆம் பிரிவு, கம்பனி வேலைக்கு 18ஆம் பிரிவு. கம்பனி என்று சொல்லி அனுப்பின பிள்ளையின் வீசாவில் 20 என்று இருந்தால் ஏமாற்று அங்கேயே தெரியும். விசிட் வீசா என்றால் பெரும்பாலும் இலங்கை வெளிநாட்டு வேலைவாய்ப்புப் பணியகத்தில் பதிவு இல்லை, பதிவு இல்லாட்டி பணியகத்தின் காப்புறுதியும் இல்லை. 2013இல் குடும்பப் பின்னணி அறிக்கை (போகும் பெண்ணின் பிள்ளைகளின் நிலையைப் பார்த்து அனுமதிக்கும் அறிக்கை) கட்டாயமான பிறகு சின்னப் பிள்ளை உள்ள தாய்மார் பலர் இந்த வழியால்தான் போனாங்க. “தெரிஞ்சுதானே போனா” என்று எழுதுமுன் அதையும் யோசிங்க.

காசு விஷயத்தில் “எவ்வளவு கொடுத்தீங்க” என்று மட்டும் கேட்டால் பதில் வராது. வீட்டு வேலைக்குப் போகும் பெண்ணுக்கு சப் ஏஜென்ட் முற்பணம் கொடுத்துத்தான் கூட்டிப்போறார். “எவ்வளவு தந்தாங்க” என்று கேளுங்க. பிறகு “அதைத் திருப்பிக் கட்டினால்தான் அனுப்புவோம்” என்று மிரட்டுவது அந்தக் காசை வைத்துத்தான்.

பிறப்புச் சான்றிதழையும் விடாதீங்க. மூதூர் ரிசானா நபீக் 2005இல் சவூதிக்கு வீட்டு வேலைக்குப் போய், குழந்தைக் கொலை வழக்கில் மாட்டுப்பட்டா. அவ போன கடவுச்சீட்டில் பிறந்த ஆண்டு 1982, பிறப்புச் சான்றிதழில் 1988. அவ அப்போது சின்னப் பிள்ளை என்று அந்த ஆறு வருடத்தைக் காட்டி எத்தனையோ பேர் மன்றாடியும் 2013 ஜனவரி 9இல் மரண தண்டனையை நிறைவேற்றிட்டாங்க.

கல்முனை நிருபர்:

தம்பி சொன்ன கடதாசி எல்லாம் சரி. அதைவிட முக்கியம், வேலைசெய்யும் வீட்டுக்குள் மாட்டுப்பட்டிருக்கும் பிள்ளையின் பாதுகாப்பு. நாமாக கோல் எடுக்கக்கூடாது, போன் மேடத்தின் (அந்த வீட்டு எசமானியின்) கையில் இருக்கலாம். சவூதி, குவைத், கட்டார் நமக்கு இரண்டரை மணித்தியாலம் பின்னால். வேலை முடிந்து இரவு 11க்கு அவ போனைத் தொட்டால் இங்கே 1.30. அந்த நேரம் முழிச்சிருக்க ஏலாதவர் இந்தச் செய்தியைப் பொறுப்பெடுக்க வேணாம். வொய்ஸ் மெசேஜ் வந்தால் கேட்டு எழுதி, பத்திரப்படுத்திவிட்டு, அவவின் போனில் அழிக்கச் சொல்லுங்க.

முகத்தை மறைத்துவிட்டோம் என்ற நிம்மதிதான் ஆபத்து. படத்துக்குப் பின்னால் தெரியும் குசினி யன்னல், சுவர் ஓடு போதும் மேடத்துக்கு. வட்சப்பில் படமாக வந்தால் எடுத்த இடத் தகவல் கழன்றுவிடும், டொக்கியுமென்ட்டாக வந்தால் ஒட்டிக்கொண்டே வரும். ஊர், பிள்ளைகளின் எண்ணிக்கை, போன மாதம் மூன்றையும் ஒரே செய்தியில் போட்டால் முகத்தை மறைத்து என்ன பிரயோசனம்? கபீலின் பெயர் அவ வெளியே வரும்வரை நோட்டில் மட்டும் இருக்கட்டும்.

அக்கரைப்பற்று நிருபர்:

நானா சொன்னதோடு இதையும் சேருங்க. பணியகத்தின் 1989க்குச் சொன்னோம் என்று குடும்பம் சொன்னால், முறைப்பாட்டு இலக்கத்தை வாங்குங்க. இலக்கம் இல்லாட்டி பின்தொடர ஏலாது. பிறகு பணியகத்திடம் எழுத்தில் கேட்க 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவலறியும் உரிமைச் சட்டம் இருக்கு. சாதாரணமாகத் தகவல் அலுவலருக்கு 14 வேலை நாள் இருக்கு. ஆனால் ஒரு பிரஜையின் உயிரோடும் தனிமனிதச் சுதந்திரத்தோடும் சம்பந்தப்பட்டது என்றால் 48 மணித்தியாலத்துக்குள் பதில் தரவேணும். அந்த வசனத்தை விண்ணப்பத்தின் முதல் வரியிலேயே எழுதுங்க, நேரத்தோடு பற்றுச்சீட்டு வாங்குங்க.

பலர் பிழை விடுவது கேள்வியில். “என்ன நடவடிக்கை எடுத்தீர்கள்” என்றால் “எடுத்துவருகிறோம்” என்று வரும். முறைப்பாடு கிடைத்த திகதி, தூதரகத்துக்குக் கடிதம் போன திகதி, பதில் வந்த திகதி என்று கேளுங்க. தனிப்பட்ட தகவல் என்று மறுப்பாங்க, அதனால் தாயோ கணவரோ தங்கள் பெயரில் விண்ணப்பிப்பது நல்லம். மறுத்தால் 14 நாளுக்குள் அதே நிறுவனத்தின் குறித்தளிக்கப்பட்ட அலுவலருக்கு மேன்முறையீடு, அதுவும் சரிவராட்டி இரண்டு மாதத்துக்குள் தகவலறியும் உரிமை ஆணைக்குழு.

மட்டக்களப்பு நகர், ஆசிரியபீடம்:

சொல் ஒன்று. சவூதியில் வேலை கொடுத்தவர் “ஹுறூப்” (வேலையை விட்டு ஓடிவிட்டார் என்ற முறைப்பாடு) என்று பதிந்தால் ஏஜென்சி “ஓடிட்டா” என்று சொல்லும், நிருபர் “ஓடிப்போன பெண்” என்று அனுப்புவார். கபீலின் முறைப்பாடு நமது செய்தியில் உண்மையாகிவிடும். “வேலைசெய்த வீட்டை விட்டு வெளியேறியவர்” என்று எழுதுங்க.

நன்கொடையில் நடக்கும் செய்தித்தளம் என்றால் கருத்திட்டத்தின் காலம் முடிந்துவிடும், வழக்கு முடிந்திருக்காது. போன் செலவையும் பஸ் செலவையும் அதற்குப் பிந்திய மாதங்களுக்கும் சேர்த்து நன்கொடை தருபவரிடம் கேளுங்க. ஏஜென்சி விளம்பரம் வேணாம்.

அவ ஊருக்கு வந்த பிறகு பழைய செய்தியில் உள்ள படத்தை எடுக்கச் சொன்னால் அன்றைக்கே எடுங்க, முகநூல் பக்கத்திலும்தான்.