பதவி உயர்வு விடுபட்டுப் பல ஆண்டுகள் கழித்து ரிட் மனு தாக்கல் செய்யலாமா?

கேள்வி

தமிழ்நாடு அரசுத் துறை ஒன்றில் உதவியாளராகப் பணிபுரிகிறேன். 2013-இல் வெளியான பணிமூப்புப் பட்டியலில் எனக்குப் பின் பணியில் சேர்ந்த இருவர் எனக்கு மேலே வைக்கப்பட்டு, மறு ஆண்டே கண்காணிப்பாளர்களாகவும் ஆகிவிட்டனர். அன்று முதல் நான் அளித்துவந்த கோரிக்கை மனுக்களுக்குச் சென்ற மாதம்தான் ‘ஏற்க இயலாது’ என்று பதில் வந்தது. இதைத் தவிர, தேர்வுநிலை (ஒரே பதவியில் பல ஆண்டுகள் பணியாற்றியவருக்கான உயர் ஊதிய நிலை) ஊதிய நிர்ணயத்திலும் எனக்குக் குறைவு ஏற்பட்டுள்ளது. பதில் கிடைத்த நாளிலிருந்தே காலம் கணக்கிடப்படும் என்று சங்கத்தில் சொல்கிறார்கள். இது சரியா?

மறுமொழி 1

பதவி உயர்வைப் பொறுத்தவரை சரியன்று. அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆம் பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் தாக்கலாகும் ரிட் மனுவுக்குக் காலவரம்புச் சட்டம் நேரடியாகப் பொருந்தாது என்பது உண்மையே. ஆனால் விளக்கமில்லாத தாமதத்தை மட்டுமே காரணமாகக் கொண்டு மனுவைத் தள்ளுபடி செய்ய நீதிமன்றத்துக்கு உரிமை உண்டு. சதாசிவசுவாமி எதிர் தமிழ்நாடு அரசு வழக்கில், இளையவருக்கு 1957-இல் அளிக்கப்பட்ட பதவி உயர்வை எதிர்த்து 14 ஆண்டுகள் கழித்து வந்தவரிடம், ஆறு மாதங்களுக்குள், மிஞ்சினால் ஓராண்டுக்குள் வந்திருக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் கூறியது. மனு மேல் மனு கொடுப்பதாலும் காலம் நிற்பதில்லை. 1982-இல் பணியை இழந்த சி. ஜேக்கப் 18 ஆண்டுகளுக்குப் பின் மனு கொடுத்த வழக்கில், காலங்கடந்த கோரிக்கைக்குத் துறை பதில் அனுப்பிவிட்டதனால் மட்டும் வழக்குத் தொடுக்கப் புதிய காரணம் பிறந்துவிடாது என்று உச்ச நீதிமன்றம் 2008-இல் தெளிவுபடுத்தியது. ‘மனுவைப் பரிசீலிக்கவும்’ என்று நீதிமன்றமே உத்தரவிட்டு, அதன்படி பதில் வந்திருந்தாலும் நிலைமை இதுதான்.

மறுமொழி 2

ஊதியக் குறைவைத் தனியாகப் பிரித்துப் பாருங்கள். விதிக்கு மாறாகச் சம்பளம் நிர்ணயிக்கப்பட்டிருந்தால் ஒவ்வொரு மாதச் சம்பளப் பட்டியலிலும் அந்தத் தவறு புதிதாக நிகழ்கிறது என்பது எம்.ஆர். குப்தா வழக்கில் (1995) உச்ச நீதிமன்றத்தின் நிலைப்பாடு. ஆனால் பழைய பாக்கி முழுவதும் கிடைக்காது. தர்சேம் சிங் வழக்கில் (2008), 16 ஆண்டுகள் தாமதமான ஓய்வூதியக் கோரிக்கையில் மனுவுக்கு முந்தைய மூன்று ஆண்டுகளுக்கே நிலுவை என்று வரம்பிடப்பட்டது. பணிமூப்பில் கை வைத்தாலோ, இத்தனை ஆண்டுகளாக அப்பதவியில் நிலைபெற்றுவிட்ட வேறு பலரின் உரிமை குலையும். ஆகவே அங்கே தாமதத்தைப் பொறுத்துக்கொள்ளும் இச்சலுகை இல்லை என்பதையும் அதே தீர்ப்பு சொல்கிறது. இரண்டையும் ஒரே மனுவில் கலந்தால், வலுவான கோரிக்கையும் வலுவற்றதோடு சேர்ந்து அடிபடக்கூடும்.

கேள்வி கேட்டவர்

நன்றி. என்னைப் போன்ற ஒருவர் வழக்குத் தொடுத்து வென்றிருக்கிறாரே, அத்தீர்ப்பை எனக்கும் கோர முடியாதா?

மறுமொழி 3

அவர் எப்போது வழக்குத் தொடுத்தார் என்பதை முதலில் பாருங்கள். அரவிந்த் குமார் ஸ்ரீவஸ்தவா வழக்கில் (2014), ஒரே நிலையில் உள்ளோருக்கு ஒரே பலன் என்பதைப் பொது விதியாக ஏற்ற உச்ச நீதிமன்றம், பிறர் வெல்லும்வரை வேலியோரம் நின்று வேடிக்கை பார்த்தவர்களுக்கு அது பொருந்தாது என்றது. தீர்ப்பு அவருக்கு மட்டுமல்லாமல் அந்த வகைப் பணியாளர் அனைவருக்கும் பொருந்தும்படி வழங்கப்பட்டிருந்தால் மட்டுமே உங்களுக்கு வழியுண்டு. எனவே அதன் நகலைப் பெற்று, இறுதிப் பத்தியில் உள்ள உத்தரவை வழக்கறிஞரிடம் காட்டுங்கள். உங்கள் பணிப்பதிவேட்டில் ஊதிய நிர்ணயப் பதிவு உள்ள பக்கத்தின் நகலையும் எடுத்துச் செல்லுங்கள். இப்போது அவசரம் ஊதியக் கோரிக்கைக்குத்தான், ஏனெனில் மனு தாமதமாகும் ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு மாத நிலுவை கழிந்துகொண்டே போகிறது.