‘புரசைவாக்கம் வீடு’ குரூப்: புதன் ராத்திரி

8:02 மாலதி பெரியம்மா: பிரபுவுக்கு போன் வந்திருக்கு. நாளைக்கு காலைல 10 மணிக்கு வடபழனியில ஆடிஷன். வெப் சீரிஸாம். எடுத்துக்கிட்டா ஷூட்டிங் இந்த சனி ஞாயிறு திங்கள். யாராவது கூட போகணும்

8:03 செல்வி: ஞாயிறா???

8:03 செல்வி: அத்தை, ஞாயிறு என் வளைகாப்பு

8:04 பாபு மாமா: கலக்கு மருமவனே 💪💪

8:04 கார்த்தி: என்ன ரோல்

8:05 பிரபு: வில்லன் கூட இருக்குற குள்ளமான ஆள். அவ்ளோதான் சொன்னாங்க

8:05 ரவி சித்தப்பா: கேரக்டருக்கு பேர் இருக்கா?

8:06 பிரபு: கேக்கல

8:06 பாபு மாமா: பேரு கிடக்கட்டும் மாப்ள. முதல்ல உள்ள நுழையணும்

8:13 ரவி சித்தப்பா: பேர்தான் முதல் கேள்வி மச்சான். பேப்பர்ல ‘குள்ளன் 1’னு போட்டிருந்தா அவன் ஆர்ட்டிஸ்ட் கணக்குல வரமாட்டான், கூட்டத்து கணக்குலதான் வருவான். எபிசோடு நீளமாயிடுச்சுன்னா எடிட்டர் கைவைக்கிற முதல் ஆளும் அவன்தான். பிரபு, இன்னிக்கே உனக்கு போன் பண்ண மேனேஜருக்கு மெசேஜ் போடு. ஸ்கிரிப்ட்ல உன் சீன் வர்ற பக்கம் வேணும்னு கேளு. எத்தனை சீன், வசனம் உண்டா, ஃபைட்டு உண்டா, கயிறு கட்டுவாங்களா, டூப் யாரு. சம்பளம் நாள் கணக்கா மொத்தமா, பேட்டாவும் வண்டியும் தனியா உள்ளேயா. போன் பண்ணி சொன்னார்னா ‘சரி சார், இதையே மெசேஜ்ல போட்டுடுங்க’ன்னு சொல்லு. ஆளைத் தூக்கி எறியிற காமெடி இருக்கான்னு தனியா கேளு. அதெல்லாம் பேப்பர்ல இருக்காது, ஸ்பாட்லதான் முளைக்கும்.

8:14 ரேவதி சித்தி: இவர் எழுதி முடிக்கிறதுக்குள்ள குக்கர்ல 6 விசில்

8:15 பிரபு: போட்டுட்டேன் சித்தப்பா

8:16 பாபு மாமா: *முன்னனுப்பியது* அபூர்வ சகோதரர்கள் படத்தின் ரகசியம்!! கமல் காலை ஆபரேஷன் செய்து மடக்கி நடித்தார்!! 10 பேருக்கு அனுப்பவும்

8:16 கார்த்தி: மாமா 😭

8:17 சுதா அக்கா: எந்த டாக்டர் மாமா ஆபரேஷன் பண்ணது

8:17 பாபு மாமா: எனக்கு வந்துச்சு, அனுப்பினேன்

8:25 ரவி சித்தப்பா: ஆபரேஷனும் இல்ல ஒண்ணும் இல்ல. 1989 ஏப்ரல்ல வந்த படம். எப்படி எடுத்தாங்கன்னு டைரக்டர் சிங்கீதம் சீனிவாச ராவே சொல்லியிருக்கார். ஒரே வித்தையில மொத்த படமும் எடுக்கல, ஷாட்டுக்கு ஷாட்டு மாத்தியிருக்காங்க. நேரா பாத்து நிக்கிற ஷாட்னா முழங்கால் ஆழத்துக்கு பள்ளம், ஷூ மட்டும் தரைமட்டத்துல தெரியும். மத்த ஷாட்டுல காலை மடக்கி முட்டியில தனியா செஞ்ச ஷூவை மாட்டுறது. உக்காந்திருக்கும்போது பொய்க்கால். அதனாலதான் எந்த ஒரு ஷாட்லயும் கண்டுபிடிக்க முடியல, கண்டுபிடிக்கிறதுக்குள்ள அடுத்த வித்தைக்கு போயிடுறாங்க. பி.சி.ஸ்ரீராம் கேமரா வேற.

8:26 பிரபு: உயரமான ஆள் குள்ளமா நடிச்சா பள்ளம் தோண்டுவாங்க. நான் போனா ஒரு ஸ்டூல் கேட்டாலும் தேடுவாங்க

8:26 கார்த்தி: 😂😂

8:27 மாலதி பெரியம்மா: அவன் அப்படித்தான் பேசுவான். நாளைக்கு என்ன சட்டை போடுறதுன்னு யாராவது சொல்லுங்க. தி.நகர்ல பசங்க செக்ஷன்ல ஒண்ணு பாத்து வச்சிருக்கேன்

8:29 ரேவதி சித்தி: பசங்க சட்டை வேண்டவே வேண்டாம்க்கா. அவனுக்கு தோளும் மார்பும் பெரியாள் அளவு, கையும் காலும்தான் குட்டை. பசங்க சட்டை கழுத்துலயும் அக்குள்லயும் பிடிக்கும், கையைத் தூக்கினா வயிறு தெரியும். பெரியவங்க சட்டை 38 எடுங்க. கையை மணிக்கட்டுப் பக்கம் வெட்டாதீங்க, கஃப் போயிடும். தோள்ல பிரிச்சு, மேல குறைச்சு திருப்பி ஏத்தணும். பேண்ட்டும் அதே மாதிரி, அடியில மடிச்சு தைச்சா முட்டி வர்ற இடம் கணுக்காலுக்கு வந்துடும், கொழகொழன்னு தொங்கும். நடுவுல வெட்டி இணைக்கணும். இன்னிக்கு கொண்டு வந்தா 11 மணிக்குள்ள முடிச்சிடுவேன்

8:30 மாலதி பெரியம்மா: கார்த்தி நீ வந்து எடுத்துட்டு போ

8:30 கார்த்தி: பெட்ரோல் இல்ல பெரியம்மா

8:31 செல்வி: எல்லாரும் சட்டை பத்தி பேசுங்க. ஞாயித்துக்கிழமை வளையல் அடுக்க யாரும் வராதீங்க

8:31 ரேவதி சித்தி: வருவோம்டி தங்கம்

8:33 பாபு மாமா: வளைகாப்புனதும் ஞாபகம் வருது. பெரிய அண்டா யார் வீட்ல இருக்கு? 5 வகை சாதம் கலக்கணும்

8:34 மாலதி பெரியம்மா: உன் வீட்லதான்டா. போன வருஷம் கூழ் ஊத்த வாங்கிட்டு போன

8:34 பாபு மாமா: திருப்பி குடுத்துட்டேனே

8:35 மாலதி பெரியம்மா: எங்க குடுத்த

8:38 கார்த்தி: பிரபு, பேபிஸ் டே அவுட் படத்துல அந்தக் குழந்தைக்கு டூப் போட்டது வெர்ன் ட்ராயர்னு உனக்கு தெரியுமா? 1994. 81 செ.மீ. உயரம். முகமே தெரியாத வேலை. 5 வருஷம் கழிச்சு ஆஸ்டின் பவர்ஸ்ல வில்லனோட குட்டி நகலா மினி-மீ வேஷம். டூப்பா போனா தப்பில்ல

8:40 பிரபு: அதே மினி-மீயைத்தான் 20 வருஷம் எல்லாரும் அவர்கிட்ட செஞ்சு காட்ட சொன்னாங்க

8:41 கார்த்தி: அப்ப பீட்டர் டிங்க்லேஜ்? கேம் ஆஃப் த்ரோன்ஸ்க்கு 4 எம்மி. 2011, 2015, 2018, 2019

8:43 பிரபு: அவர் சினிமாவுக்கு வந்தது 1995. கேம் ஆஃப் த்ரோன்ஸ்ல டிரியனா டிவியில வந்தப்ப 40 தாண்டிட்டார். நடுவுல குட்டிச்சாத்தான் வேஷம், கிறிஸ்துமஸ் குள்ளன் வேஷம்னு வந்ததையெல்லாம் வேணாம்னு சொல்லிட்டு சும்மா இருந்திருக்கார். 2003ல தி ஸ்டேஷன் ஏஜென்ட் பாரு. ரயில் பைத்தியம் பிடிச்ச ஒருத்தன், அவ்ளோதான் கேரக்டர். உயரத்தை வச்சு ஊர்க்காரங்க பாக்குறது இருக்கும், ஆனா கதை அது இல்ல

8:44 பாபு மாமா: நம்ம ஊர்ல காமெடி நடிகர் கிங்காங் இல்லையா. அதிசயப் பிறவியில ரஜினி கூட என்னமா ஆடுவாரு. 1990. இன்னிக்கும் போட்டா தியேட்டர் எந்திரிச்சு நிக்கும்

8:45 ரவி சித்தப்பா: அது உண்மை மச்சான். அந்த டான்ஸை கவனிச்சீங்கன்னா அங்க அவர் உயரம் ஜோக் இல்ல, ஆட்டம்தான் ஜோக். தாளம் தெரிஞ்ச ஆள்.

8:46 கார்த்தி: மலையாள நடிகர் கின்னஸ் பக்ரு! 76 செ.மீ. 2005 அத்புத த்வீபுல ஹீரோ, அதுக்குத்தான் கின்னஸ். 2013ல குட்டீம் கோலும் டைரக்‌ஷன் வேற. தமிழ்ல டிஷ்யூம்

8:47 பிரபு: டிஷ்யூம்ல அவர் பேர் என்ன

8:47 கார்த்தி: அமிதாப்

8:48 பிரபு: அதான். பேர் வச்சாலும் அளந்துதான் வைப்பாங்க. ஆனா அந்தப் படத்துல அவருக்கு நட்பு இருக்கு, கோவம் இருக்கு. பேரை மன்னிச்சிடலாம்

8:50 சுதா அக்கா: ஃபைட் இருந்தா என்கிட்ட கேக்காம ஓகே சொல்லாத. உனக்கு இருக்குற அகான்ட்ரோபிளாசியாவுல, அதாவது கை கால் எலும்பு குட்டையா வளர்ற பிறவிக் குறைபாட்டுல, தண்டுவடம் போற வழி கழுத்துக்கு மேலயும் இடுப்புலயும் குறுகலா இருக்கும். கயிறு கட்டி வெடுக்குனு இழுக்குறது, குட்டிக்கரணம், தலைகீழா தூக்குறது மூணும் கிடையாது. ரொம்ப நேரம் நின்னா கால் மரத்துப் போகும், அப்ப குந்தி உக்காந்தா சரியாகும். அதை சோம்பேறித்தனம்னு அசிஸ்டன்ட் டைரக்டர் கத்துவார். முன்னாடியே சொல்லி வை. டாக்டர் லெட்டரும் மாற்றுத்திறனாளி கார்டும் நகல் எடுத்துக்கோ

8:51 பாபு மாமா: இவன் அதுல வருவானா?

8:51 சுதா அக்கா: 2016 சட்டத்துல இருக்குற 21 வகையில இதுவும் ஒண்ணு மாமா. 147 செ.மீ. வரைக்கும். இவன் 117

8:52 பிரபு: 117.5

8:52 சுதா அக்கா: சரிடா அமிதாப்

9:06 ரவி சித்தப்பா: ஆடிஷன்ல கவனிக்க வேண்டியது கேமரா எங்க நிக்குதுன்னு. பிரபுவோட கண்ணு தரையிலேர்ந்து ஏறக்குறைய 107 செ.மீ. ட்ரைபாட்டை வழக்கமான ஆள் உயரத்துல வச்சு கீழ சாய்ச்சு எடுத்தா, அதுவும் வைடு லென்ஸ் போட்டா, தலை பெருசு கால் துளியூண்டுன்னு பொம்மை மாதிரி விழும். நடிப்பு என்னவா இருந்தாலும் பாக்குறவன் சிரிப்பான். ‘சார், லென்ஸை என் நெஞ்சு உயரத்துக்கு இறக்க முடியுமா’ன்னு மரியாதையா கேளு. பேபி லெக்ஸ்னு குட்டை ட்ரைபாட் எல்லா யூனிட்லயும் இருக்கும், இல்லன்னு சொன்னா எடுக்க சோம்பல்னு அர்த்தம்.

ரெண்டு பேர் ஷாட்தான் தலைவலி. வில்லன் 5 அடி 10 அங்குலம்னு வை, ரெண்டு பேர் கண்ணுக்கும் நடுவுல 2 அடி வித்தியாசம். அவருக்கு இடுப்புக்கு மேல தெரியிற மிட் ஷாட் வச்சா ஃப்ரேம் அடியில உன் முடி மட்டும் தெரியும். அவர் தோள் வழியா உன்னை எடுத்தா முக்கால்வாசி ஃப்ரேம் அவர் முதுகு. இதுக்கு ஆப்பிள் பாக்ஸ்னு ஏறி நிக்கிற மரப்பெட்டி போடுவாங்க. ஒரு ஃபுல் பாக்ஸ் 8 அங்குலம். மூணு அடுக்கினா கணக்கு சரியா வரும், ஆனா ஆடும், வசனம் பேசும்போது உன் கண்ணு கால்லயே இருக்கும். ரெண்டுக்கு மேல ஏறாத. மீதிக்கு அவரை உக்காரச் சொல்லலாம், மாடிப்படியில வைக்கலாம், நீ முன்னாடி அவர் பின்னாடின்னு ஆழத்துல பிரிக்கலாம். உயர வித்தியாசம் தெரியிறது பிரச்சினையே இல்ல, முகம் தெரியாததுதான் பிரச்சினை. பாக்ஸ் மேல நின்னு நடக்க முடியாதுங்கிறதையும் மறந்துடுவாங்க. நடந்து வந்து நிக்கிற ஷாட்னா பலகை போட்டு சரிவு கட்டணும், அதுக்கு அரை மணி நேரம் ஆகும். அந்த அரை மணியை மிச்சம் பண்ணத்தான் உன் வசனத்தை வெட்டுவாங்க. அதனால காலையிலயே கேமராமேன்கிட்ட சொல்லிடணும், மத்தியானம் சொன்னா லைட்டு போற நேரம்.

9:07 ரேவதி சித்தி: மூச்சு விடுங்க

9:07 பிரபு: சித்தப்பா இதை ஸ்டார் போட்டு வச்சிக்கிட்டேன்

9:08 செல்வி: இந்தச் செய்தி நீக்கப்பட்டது

9:08 கார்த்தி: என்ன டெலீட் பண்ண

9:09 செல்வி: ஒண்ணும் இல்ல

9:10 பாபு மாமா: மாப்ள இவ்ளோ தெரிஞ்சவரு, அப்பவே பையனை ஒரு படத்துல சேத்து விட்டிருக்கலாமே

9:10 மாலதி பெரியம்மா: பாபு விடு

9:11 ரவி சித்தப்பா: 👍

9:12 ரேவதி சித்தி: சட்டை வரலன்னா நான் தூங்கப் போறேன்

9:13 கார்த்தி: கிளம்பிட்டேன் சித்தி

9:21 பிரபு: ஸ்கிரிப்ட் பக்கம் வந்துடுச்சு

9:21 ரவி சித்தப்பா: பேர்?

9:22 பிரபு: இருக்கு. புல்லட்

9:22 சுதா அக்கா: 🙄

9:22 பாபு மாமா: நல்ல பேராச்சே

9:23 ரவி சித்தப்பா: வசனம்?

9:23 பிரபு: நாலு. அதுல ரெண்டு ‘சரிண்ணே’. ஒண்ணு மிரட்டுறது. கடைசி ஒண்ணு நல்லா இருக்கு சித்தப்பா, அண்ணன்கிட்ட கணக்கு தப்புன்னு சொல்றான். ஒரு பக்கம் முழுக்க அவன்தான்

9:24 ரவி சித்தப்பா: அப்ப கணக்குப்பிள்ளையா? அடியாள் இல்லையா?

9:24 பிரபு: அப்படித்தான் தெரியுது. ஃபைட் இல்ல. ஆனா ஒரு இடத்துல ‘தூக்கி மேஜை மேல வைக்கிறான்’னு இருக்கு

9:25 சுதா அக்கா: யாரை யாரு

9:25 பிரபு: என்னை அண்ணன்

9:26 ரவி சித்தப்பா: அவனே ஏறி உக்காரட்டுமே. பக்கத்துல ஒரு சேர் போட்டா சேர்ல கால் வச்சு மேஜைக்கு வந்துடலாம். கண்ணு மட்டமும் சரியாகும், பாக்ஸும் வேண்டாம். நாளைக்கு சீன் செஞ்சு காட்டும்போது கேக்காம நீயே அப்படி செஞ்சுடு. பிடிச்சா வச்சிப்பாங்க

9:27 மாலதி பெரியம்மா: சம்பளம் பத்தி ஒண்ணும் சொல்லலையா

9:27 பிரபு: ‘நேர்ல பேசிக்கலாம்’

9:28 ரவி சித்தப்பா: ம்ம்

9:28 செல்வி: ஞாயிறு எத்தனை மணிக்கு ஷூட்டிங்?

9:29 பிரபு: தெரியல. செலக்ட் ஆனாத்தானே

9:29 செல்வி: 10.30க்கு வளையல். 12 வரைக்கும் வெயிட் பண்ணுவேன். அதுக்கு மேல குழந்தைக்கு பசிக்கும்

9:31 மாலதி பெரியம்மா: நாளைக்கு கூட யார் போறீங்கன்னு இன்னும் யாரும் சொல்லல

9:32 பாபு மாமா: நான் வரேன்க்கா. எனக்கு வடபழனியில ஒரு வேலை இருக்கு

9:32 பிரபு: மாமா வேணாம்

9:33 பாபு மாமா: ஏன்டா

9:33 பிரபு: சித்தப்பா வரட்டும்

9:34 ரேவதி சித்தி: இவருக்கு நாளைக்கு பல் டாக்டர்

9:40 ரவி சித்தப்பா: பாக்கலாம்

9:47 கார்த்தி: சட்டை சித்திகிட்ட குடுத்தாச்சு. சித்தி வீட்டு பரண்ல அண்டா மூடி மட்டும் இருக்கு

9:48 மாலதி பெரியம்மா: மூடி அங்கன்னா அண்டா எங்க பாபு

9:48 பாபு மாமா *டைப் செய்கிறார்...*