கடையைக் காலி பண்ணச் சொல்லித் தீர்ப்பு: அப்பீலுக்கு எத்தனை நாள், எதுவரை போகலாம்?

உவர்மலையான்:
திருகோணமலை மாவட்ட நீதிமன்றத்தில் வாடகைக் கடை வழக்கு. 1972ஆம் ஆண்டு வாடகைச் சட்டத்துக்குள் வரும் கட்டடம். பாக்கி நிரூபணமாகியிருக்கு என்று வாடகைக்காரரை வெளியேற்றத் தீர்ப்பு. அப்பீல் போட்டுவிட்டால் பிஸ்கால் (தீர்ப்பை நிறைவேற்ற வரும் நீதிமன்ற அலுவலர்) வரமாட்டார், கொழும்புவரை இழுக்கலாம் என்று ஆளாளுக்குச் சொல்கிறார்கள். உண்மையில் எதை, எங்கே, எத்தனை நாளுக்குள் போடவேணும்?

கோணேசர்மலை:
இரண்டு தாள், இரண்டு கெடு. இரண்டுமே தீர்ப்புச் சொன்ன மாவட்ட நீதிமன்றத்தில்தான்.

முதலாவது மேன்முறையீட்டு (அப்பீல்) அறிவித்தல், 14 நாளுக்குள். தீர்ப்பு நாள், ஞாயிறு, பொது விடுமுறை கழியும். போயாவும் (பௌர்ணமி விடுமுறை) கழியும், சனி கழியாது. 2ஆம் திகதி புதன் தீர்ப்பென்றால், நடுவில் விடுமுறை இல்லாவிட்டால் 14ஆம் நாள் 18 வெள்ளி. தாக்கல் செய்யும் நாளும் கணக்கில் வராதுதான், ஆனாலும் அந்த விளிம்புவரை போகவேண்டாம். எதிர்த்தரப்பின் செலவுக்கான பிணையும், பிரதியை அவருக்கோ அவரது சட்டத்தரணிக்கோ கொடுத்ததற்கான ஒப்புகை அல்லது பதிவுத் தபால் ரசீதும் சேர்ந்திருக்கவேணும்.

இரண்டாவது மேன்முறையீட்டு மனு, தீர்ப்பிலிருந்து 60 நாள். இதில் ஞாயிறு, விடுமுறை எதுவும் கழியாது. இங்கேதான் கனபேர் விழுகிறார்கள்: அறிவித்தல் போட்ட நாளிலிருந்து 60 என்று எண்ணுகிறார்கள். பிந்தினால் நீதிமன்றம் மனுவை ஏற்க மறுக்கவேணும் என்றே சிவில் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 755ஆம் பிரிவு சொல்கிறது.

இன்னொன்று: சட்டத்தரணியை மாற்றுவதென்றால் பழைய புரொக்சியை (அவருக்கு எழுதிக் கொடுத்த நியமனப் பத்திரத்தை) முதலில் இரத்துச் செய்யுங்கள். இல்லாமல் புதியவர் ஒப்பமிட்டால் அறிவித்தலே செல்லாது என்று முதல் ஆட்சேபனை அதில்தான் வரும்.

தம்பலகாமம்_2:
பிஸ்கால் விசயம். அப்பீல் போட்டவுடன் வெளியேற்றம் தானாக நிற்காது. அப்பீல் காலம் முடியும்வரை வீட்டுக்காரர் (கடையின் சொந்தக்காரர்) ரிட், அதாவது தீர்ப்பை நிறைவேற்றும் கட்டளை, கேட்கமுடியாது என்பது 761ஆம் பிரிவின் பொது விதி. ஆனால் நீங்கள் அப்பீல் போட்டால் அவர் உடனே 763இன் கீழ் கேட்கலாம்! அந்த விண்ணப்பத்தில் வாடகைக்காரரை எதிர்மனுதாரராகச் சேர்க்கவேணும். அப்போதுதான் ‘பெரும் இழப்பு வரும்’ என்று காட்டித் தடை கேட்கவேணும், பிணையும் கேட்பார்கள். வியாபாரம் போகும் என்று வாயால் சொல்வது காணாது. கணக்குப் புத்தகம், இருப்பு, வேலையாட்கள், மாற்று இடம் கிடைக்காதது எல்லாம் சத்தியக் கடதாசியில் இருக்கட்டும்.

கோணேசர்மலை:
மேலே எதுவரை என்றால்: 2006ஆம் ஆண்டு 54ஆம் இலக்கச் சட்டத்துக்குப் பிறகு இந்த அப்பீலைக் கேட்பது மாகாணத்தின் சிவில் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றம். அங்கே சாட்சியம், சட்டம் இரண்டையும் பேசலாம். அதற்கும் மேலே கொழும்பு உயர் நீதிமன்றம் (நாட்டின் ஆக உச்ச நீதிமன்றம்), ஆனால் உரிமையாக இல்லை. முதலில் அனுமதி வேணும், 42 நாளுக்குள். கணிசமான சட்டக் கேள்வி இருக்கவேணும், அல்லது அந்த நீதிமன்றமே பரிசீலிக்கத் தக்க விடயமாக இருக்கவேணும். ‘பாக்கி இல்லை, மாவட்ட நீதிபதி சாட்சியைத் தப்பாக நம்பிவிட்டார்’ என்ற வழக்கை அங்கே கொண்டுபோய்க் காசைக் கொட்டவேண்டாம். வாடகைக்காரருக்குக் கொடுத்த அறிவித்தல் சட்டப்படி செல்லுமா என்பதுபோல ஒரு கேள்வி இருந்தால் யோசிக்கலாம்.

உவர்மலையான்:
நன்றி. பழைய வாடகைப் பற்றுச்சீட்டுக் கட்டு ஒன்று இப்போதுதான் கிடைத்திருக்கு. அப்பீலில் காட்டலாமா?

தம்பலகாமம்_2:
773ஆம் பிரிவில் வழி இருக்கு, ஆனால் வாசல் ஒடுங்கியது. தக்க முயற்சி எடுத்தும் விசாரணையின்போது கிடைத்திருக்காது, முடிவைப் பாதிக்கக்கூடிய கனமானது, நம்பத்தக்கது என்று மூன்றையும் காட்டவேணும். சொந்தக் கடை இலாச்சிக்குள் இருந்த பற்றுச்சீட்டு முதலாவதிலேயே அடிபடும். வீட்டுக்காரர் பக்கக் கணக்கிலோ வங்கியிலோ இருந்து வந்ததென்றால் கதை வேறு. எங்கேயிருந்து கிடைத்தது?