கங்காணியா, சட்டாம்பிள்ளையா?

குழும நண்பர்களுக்கு வணக்கம்.

நம் மென்பொருளில் செருகுநிரல்களை (பிளகின், கூடுதல் வசதிக்காகச் செருகும் சின்ன நிரல்கள்) ஏற்றிக் கண்காணிக்கும் கோப்புக்குத் தமிழில் என்ன பெயர் வைப்பது என்று நாலு நாளாக ஓடும் இந்த இழையைத் தொடங்கி வைத்த பாவம் என்னுடையது. "செருகுநிரல் ஏற்று கண்காணிப்பு நிரலகக் கோப்பு" என்று நான்தான் முதலில் எழுதினேன். அதை அமைப்புகள் பக்கத்தில் உண்மையாகவே போட்டுப் பார்த்தேன். "செருகுநிரல் ஏற்று கண்" என்ற இடத்தோடு பெட்டி முடிந்து, பின்னால் மூன்று புள்ளி. நிரல் எழுதத் தெரியாத என் அத்தை மகன் எட்டிப் பார்த்து, "என்னண்ணா, யாருக்காவது கண் ஆபரேஷனா?" என்று கேட்டான். அந்தச் சொல்லை நானே திரும்பப் பெற்றுக்கொள்கிறேன்.

செருகுநிரல் என்பதில் நமக்குள் சண்டை இல்லை. நல்ல வினைத்தொகை. ஊறுகாய் போல முக்காலமும் அதற்குள் இருக்கிறது: செருகிய நிரல், செருகுகிற நிரல், செருகப்போகும் நிரல். நாம் பெயர் தேடும் கோப்பின் வேலையே இந்த மூன்று நிலைகளையும் கணக்கு வைப்பதுதான். லைப்ரரிக்கு, அதாவது மற்ற நிரல்கள் அழைத்துப் பயன்படுத்தும் நிரல் தொகுப்புக்கு, நூலகமா நிரலகமா என்ற பழைய வழக்கை இன்று எடுக்க வேண்டாம். நான் நிரலகம் கட்சி, அவ்வளவுதான்.

"ஆளி" சேர்த்துச் செருகாளி என்று ஒருவர் எழுதியிருந்தார். புணர்ச்சி சரி. ஆனால் படிக்கிறவர் கண்ணுக்கு அது செரு, காளி என்றுதான் பிரியும். செரு என்றால் போர். மென்பொருளைத் திறந்ததும் போர்க்களத்தில் காளி நிற்பாள். நல்ல தெய்வம்தான், அமைப்புகள் பக்கத்தில் வேண்டாம்.

வெறும் "ஏற்றி" போதும் என்று சொன்னவர்களுக்குக் கொஞ்சம் விரிவாகப் பதில் சொல்ல வேண்டும். ஏற்றுவது இந்தக் கோப்பின் வேலையில் சின்னப் பகுதி. லினக்ஸில் டிஎல்ஓப்பன், விண்டோஸில் லோட்லைப்ரரி என்று ஓர் அழைப்பு, முடிந்துவிட்டது. அதற்கு முன்னும் பின்னும் நடப்பதுதான் விஷயம். ஜிஸ்ட்ரீமரை எடுத்துக்கொள்ளுங்கள். பாட்டும் படமும் ஓட்டும் பல பிளேயர்களுக்கு அடியில் இருக்கிற நிரலகம் அது. எம்பி3க்கு ஒன்று, இன்னொரு வடிவத்துக்கு இன்னொன்று என்று அதன் செருகுநிரல்கள் ஏராளம். முதன்முறை ஓடும்போது, லினக்ஸில், அது செருகுநிரல்களைத் தன் மடியிலேயே வைத்துச் சோதிப்பதில்லை. தனியாக ஒரு துணைச் செயல்முறையை (பிராசஸ், தனித்து ஓடும் நிரல்) கிளப்பி, அதற்குள் ஒவ்வொன்றாகத் திறந்து பார்க்கச் சொல்கிறது. ஒரு செருகுநிரல் கவிழ்ந்தால் கவிழ்வது அந்தத் துணை மட்டும்தான். உடனே அந்தக் கோப்பின் பெயர் விலக்குப்பட்டியலில் ஏறும். ஒழுங்காக இருந்தவை பதிவேட்டில் ஏறும், கோப்பின் அளவோடும் கடைசியாக மாறிய நேரத்தோடும். அடுத்த முறை அந்த இரண்டும் மாறாமல் இருந்தால் மறுபடி திறந்து சோதிப்பதில்லை. பதிவேட்டைப் பார்த்தே "வந்திருக்கிறான்" என்று குறித்துக்கொள்ளும். ஏற்றி என்ற பெயரில் இதெல்லாம் எங்கே வருகிறது?

கண்காணிப்பிலும் ஒரு நுணுக்கம் உண்டு: எவ்வளவு நேரம் பொறுப்பது? 2010 ஜூனில் வந்த பயர்பாக்ஸ் 3.6.4 பதிப்பு, பிளாஷ் போன்ற செருகுநிரல்களைத் தனிச் செயல்முறைக்குள் தள்ளியது. 10 விநாடி பதில் இல்லையென்றால் தொங்கிவிட்டது என்று கணித்து நிறுத்திவிடும். பழைய கணினிகளில் பிளாஷில் ஓடிய பார்ம்வில் என்ற விவசாய விளையாட்டை விளையாடியவர்கள் பாடு திண்டாட்டம். வயல் ஏறி முடிப்பதற்குள் பிளாஷைக் கொன்றுவிட்டது உலாவி. சில நாளிலேயே 3.6.6 வந்தது, பொறுக்கும் நேரம் 45 விநாடியானது. கண்காணிப்பு என்றால் கண்ணைத் திறந்து வைத்திருப்பது மட்டுமில்லை, எப்போது அடிப்பது, எப்போது பொறுப்பது என்று தெரிவதும்தான். அதனால்தான் இதற்கு ஆள் பெயர் போல ஒரு பெயர் வேண்டும் என்று எனக்குத் தோன்றுகிறது.

அப்படித்தான் "கங்காணி" வந்தது. ஒப்புக்கொள்கிறேன், பார்த்ததும் துள்ளிக் குதித்தேன். கண்காணி என்பதன் திரிபு. ஊர் ஊராகப் போய் ஆள் சேர்த்து, கப்பலேற்றி, இலங்கைத் தோட்டத்துக்கோ மலாயா ரப்பர் காட்டுக்கோ கொண்டுவந்து, காலையில் பேர் கூப்பிட்டு, வேலையில் இறக்கி, மாலை வரை மேலே நின்று பார்ப்பவர். ஏற்றுவது, பதிவது, கண்காணிப்பது, கழித்துக்கட்டுவது, நான்கும் ஒரே சொல்லில். இதைவிடப் பொருத்தம் எங்கே கிடைக்கும்?

பிறகு நம் மலையக நண்பரின் மடல் வந்தது. நீளமாக ஒன்றும் எழுதவில்லை. தன் பூட்டனார் பட்ட கடனுக்குக் கங்காணி கையில் ஒரு துண்டு இருந்தது, அந்தத் துண்டோடுதான் குடும்பமே தோட்டம் விட்டுத் தோட்டம் போனது என்று மூன்று வரி. துண்டு என்ன என்று தெரியாதவர்களுக்கு: ஆட்களின் கடன் இவ்வளவு, அதைக் கட்டினால் விடுவிக்கிறேன் என்று தோட்டத்துரை எழுதிக் கொடுக்கும் சீட்டு. புதுத் தோட்டம் அதைக் கட்டும், கடன் ஆட்கள் தலையில் அப்படியே இருக்கும். 1921இல் இலங்கையில் சட்டம் போட்டுத்தான் அதை ஒழித்தார்கள். மலாயாவுக்கு ஆள் சேர்ப்பது 1938இல் இந்திய அரசு தடை போட்டதும் நின்றது. அப்படியொன்றும் பழைய கதை இல்லை.

"சொல் வேறு, வரலாறு வேறு" என்று ஓர் ஐயா பதில் எழுதினார். ஐயா, மன்னிக்க வேண்டும். சென்னையில் இருக்கிற எனக்கு அது வெறும் சொல். இலங்கை மலையகத்து அட்டனில் இருக்கிறவருக்கு அது ஒரு முகம். மென்பொருளைத் திறக்கும்போதெல்லாம் அந்த முகத்தைக் காட்ட எனக்கு மனமில்லை. என் வாக்கு கங்காணிக்கு இல்லை.

மேஸ்திரியும் நல்ல சொல்தான். போர்த்துக்கீசியத்திலிருந்து வந்தது என்று தள்ளுகிறவர்களோடு நான் சேரவில்லை. மேசையும் சாவியும் அங்கிருந்து வந்தவைதான். ஆனால் மேஸ்திரி கொத்தனார் கூட்டத்துக்கு வெளியே நிற்பவர், கூலியைத் தன் கையால் பிரிப்பவர். நம் கோப்பு அப்படி வெளியே நிற்பதில்லை. எடுத்துக்காட்டுக்கு லிப்பீஸ் என்ற நிரலகம் இருக்கிறது, லினக்ஸின் ஜினோம் திரைச்சூழல் பக்கத்து ஆட்களுக்குத் தெரியும். செருகுநிரல்களைத் தேடுவது, ஏற்றுவது, எது எதைச் சார்ந்தது என்று பார்ப்பது, இறக்குவது எல்லாம் அதன் வேலை. ஆனால் அதுவே ஒரு நிரலகக் கோப்புதான். ஒரு பெரிய செயலி அதை ஏற்றியபிறகுதான் அது மற்றவற்றை ஏற்றும். அதுவும் அதே பெஞ்சில் உட்கார்ந்திருக்கிற பையன்.

இங்கேதான் எனக்குச் சட்டாம்பிள்ளை ஞாபகம் வந்தது. திண்ணைப் பள்ளிக்கூடத்தில் வாத்தியார் ஒருவர்தான். அவருக்குக் கீழே மூத்த மாணவன் ஒருவன் மற்றவர்களைப் பார்த்துக்கொள்வான். வராத பிள்ளையை வீட்டிலிருந்து தூக்கி வருவது, வந்தவரைக் கணக்கெடுப்பது, பாடம் ஒப்பிக்க வைப்பது, அடங்காதவனை வாத்தியாரிடம் சொல்வது. அவனும் மாணவன்தான், அவனுக்கும் பாடம் உண்டு. நம் காலத்தில் கிளாஸ் மானிட்டர் கரும்பலகையில் "பேசியவர்கள்" என்று எழுதிக் கீழே பெயர் போடுவானே, அந்த ஜிஸ்ட்ரீமர் விலக்குப்பட்டியல் அச்சு அசல் அதுதான். ஆங்கிலத்திலும் மானிட்டர் என்ற சொல் பள்ளிப் பெஞ்சில் இருந்ததுதான். பிள்ளைகளை வைத்தே பிள்ளைகளை நடத்தும் முறைக்கு மதராஸ் முறை என்றே பெயர். எழும்பூர் ஆதரவற்ற சிறுவர் விடுதியில் ஆண்ட்ரூ பெல் என்ற பாதிரியார் அதைச் செய்து பார்த்து, இங்கிலாந்து திரும்பி 1797இல் நூலாக வெளியிட்டார். நம்மூர் மணலில் எழுதிப் பழகிய முறையையும் இங்கிருந்துதான் எடுத்துப்போனார்.

எதிர்ப்பு வரும், தெரியும். நாளிதழ்களில் "உலகச் சட்டாம்பிள்ளை" என்றால் அதிகாரம் பண்ணுகிறவன். மலையாளத்தில் சட்டம்பி என்றால் ரவுடி. இருக்கட்டும். சுட்டி என்றால் குறும்புக்காரப் பிள்ளை. அதைத்தான் கணினி எலிக்கு வைத்தோம், இணைப்புக்கும் வைத்தோம், ஒருவரும் குழம்பவில்லை. செயலி ஒரு காலத்தில் பிராசஸர், இன்று ஆப்.

இன்னொரு காரணம்தான் என்னை முடிவெடுக்க வைத்தது. கங்காணி ஏற்றியது என்று தமிழில் எழுத முடியாது, ஏற்றினார் என்றுதான் வரும். மேஸ்திரிக்கும் அதே கதை. கோப்புக்கு "ஆர்" விகுதி போட்டு மரியாதை செய்ய வேண்டியிருக்கும். பிள்ளைக்கு அந்தத் தொல்லை இல்லை. பிள்ளை அழுதது, பிள்ளை தூங்குகிறது என்று நாம் எப்போதும் சொல்வதுதான். சும்மா இரண்டு வரி எழுதிப் பார்த்தேன்:

"சட்டாம்பிள்ளை 14 செருகுநிரல்களை ஏற்றியது. 1 செருகுநிரல் பதிலளிக்கவில்லை; விலக்கப்பட்டது."

"சட்டாம்பிள்ளை இயங்கவில்லை. செருகுநிரல்கள் இல்லாமல் தொடரவா?"

இரண்டாவது வரியைப் படித்ததும் வாத்தியார் இல்லாத வகுப்பு ஞாபகம் வந்தது. பெட்டிக்குள் முழுதாக அடங்கவும் செய்கிறது. வெறும் ஏற்றும் வேலைக்கு மட்டும் "ஏற்றி" இருக்கட்டும், கோப்புக்குச் சட்டாம்பிள்ளை. ஞாயிற்றுக்கிழமை இரவு மொழிபெயர்ப்புக் கோப்பை அனுப்ப வேண்டும். அதற்குள் வேறு நல்ல சொல் இருந்தால் எழுதுங்கள், மாற்றிக்கொள்கிறேன். மலையக நண்பரே, நீங்கள் மட்டும் எப்படியும் ஒரு வரி போடுங்கள்.