இலங்கைப் போர்க்காலத்தில் நீங்கள் செய்தி கேட்டது எப்படி?

வடமராட்சியான்:
தொண்ணூறுகளின் முதல் பாதியில் யாழ்ப்பாணத்தில் மின்சாரம் இல்லை, பற்றரிக்கும் தடை. சயிக்கிளைக் கவிழ்த்து வைத்து ஒருவர் பெடலைச் சுற்ற, டைனமோவில் வயர் கொழுவித்தான் வானொலி கேட்டோம். சுற்றுகிறவன் களைத்தால் குரல் தேய்ந்துவிடும். "சுத்தடா!" என்று நாலு பேர் கத்துவார்கள்.

அரசின் கொழும்பு வானொலி, புலிகளின் வானொலியான புலிகளின் குரல், அப்புறம் இரவில் லண்டன் பிபிசியின் தமிழோசை. ஒரே சண்டைக்கு மூன்று கணக்கு வரும். பக்கத்து வீட்டு வாத்தியார் ஒரு விதி வைத்திருந்தார்: எதிரிக்கு எத்தனை இழப்பு என்று எவர் சொன்னாலும் விட்டுவிடு, தன் பக்கம் இத்தனை பேர் என்று ஒத்துக்கொள்கிறார்களே, அதை மட்டும் எடு, அதுவும் குறைந்தபட்சமாக. ஊடகம் பற்றி இதைவிட நல்ல பாடம் எனக்கு இன்னும் கிடைக்கவில்லை.

ஆனால் செத்தது பொதுமக்கள் என்றால் அந்த விதி உதவாது. 1995 ஜூலை 9 நவாலி தேவாலயத்தில் குண்டு விழுந்ததைச் செஞ்சிலுவைச் சங்கம் வெளியே சொன்னது; அரசுக்குச் சங்கத்தின் மேல்தான் கோபம். செப்டம்பரில் போர்ச் செய்திகளுக்குத் தணிக்கை வந்தது. அதே மாதம் 22ஆம் திகதி நாகர்கோவில் பாடசாலையில் குண்டு விழுந்தது. எங்களுக்குத் தெரிந்தது, தெற்கில் எத்தனை பேருக்குத் தெரிந்திருக்கும்?

கொழும்பிலிருந்து:
தெற்கில் என்ன தெரிந்தது என்று நான் சொல்கிறேன். 2009இல் தொலைக்காட்சியில் தினமும் ஒரு வரைபடம். புலிகளின் பகுதி சுருங்கிக்கொண்டே போகும், அதற்குள் மக்கள் இருப்பதாகவே தெரியாது. செய்தியாளர்கள் இராணுவம் கூட்டிப்போன இடத்துக்குத்தான் போகலாம். ஜனவரி 6 சிரச தொலைக்காட்சி நிலையம் தாக்கப்பட்டது, 8ஆம் திகதி அரசை விமர்சித்த பத்திரிகை ஆசிரியர் லசந்த விக்கிரமதுங்க கொல்லப்பட்டார். அதற்குப் பிறகு யார் வேறு மாதிரி எழுதுவார்கள்?

மே மாதம் போர் முடிந்ததும் என்னோடு வேலை செய்த சிங்களப் பெண் வெற்றியைக் கொண்டாடப் பால்சோறு கொண்டுவந்து என் மேசையிலும் வைத்தாள். நல்லவள். மாதக்கணக்காக அவள் பார்த்தது அந்த வரைபடத்தை மட்டும்தான். அவள்மேல் எனக்குக் கோபம் இல்லை, அன்று சாப்பிடவும் முடியவில்லை.

சென்னைவாசி:
எங்களுக்குத் தடையும் இல்லை, தணிக்கையும் இல்லை, கையில் ரிமோட் இருந்தது. அதே 2009 ஏப்ரல் 27 கருணாநிதி மெரினாவில் உண்ணாவிரதம் இருந்த சில மணி நேரத்தில், கனரக ஆயுதங்களைப் பயன்படுத்த மாட்டோம் என்று கொழும்பு அறிவித்தது. நான் பார்த்த சேனலில் அது போர் நிறுத்தம் என்றே ஓடியது. அம்மா நம்பினார். இன்னொரு கட்சியின் சேனலுக்கு மாற்றினால் அங்கே அதே நேரம் குண்டு விழுந்துகொண்டிருந்தது. இங்கே மக்களவைத் தேர்தல் வாக்குப்பதிவு மே 13.